தொட்டியில் இல்லாத தண்ணீர்

உக்காருங்க, எனக்காக எந்திரிச்சு நிக்க வேண்டாம். எனக்கும் ஒரு நாற்காலி போடுங்க. முப்பத்திரெண்டு வருஷம் கரும்பலகை முன்னாடி நின்ன முழங்கால் இது, இனிமே நிக்காது.

உங்க ஹெச்.எம். போன் பண்ணி, புதுசா வந்திருக்கிற கணக்கு டீச்சருங்க முதல் தடவையா அரையாண்டுக்குக் கேள்வித்தாள் எடுக்கப் போறாங்க, வந்து நாலு வார்த்தை சொல்லுங்கன்னாங்க. எப்படி எடுக்கணும், எதுக்கு எத்தனை மார்க்கு, அதெல்லாம் உங்களுக்கே தெரியும். அதைச் சொல்ல ஸ்ரீரங்கத்துலேருந்து ரெண்டு பஸ் மாறி திருவெறும்பூர் வர்றதுக்கு எனக்குத் தெம்பில்லை. நான் எடுத்த ஒரு கேள்வியைப் பத்தி மட்டும் சொல்லிட்டுப் போறேன். அஞ்சு மார்க் கேள்வி. வேற்றினப் பின்னங்களோட கூட்டல்.

அப்ப நான் வேலை பாத்த ஸ்கூல்ல, ஏழாம் வகுப்புல பவித்ரான்னு ஒரு பொண்ணு. காட்டூர்லேருந்து வருவா. அப்பா திருவெறும்பூர் பக்கம் ஒரு பட்டறையில இரும்புத் தகடு வெட்டுற வேலை. அம்மா மலைக்கோட்டைக் கிட்ட ஒரு ஜவுளிக்கடையில நிக்கிறாங்க. சாயங்காலம் ஸ்கூல் விட்டதும் தம்பியை அங்கன்வாடியிலேருந்து கூட்டிக்கிட்டுப் போறது இவ பொறுப்பு. ஒல்லியா, ரெட்டைச்சடை போட்டுக்கிட்டு, எப்பவும் ஏதாவது கேட்டுக்கிட்டே இருக்கும்.

உண்மையைச் சொல்லிடறேன், எனக்கு அந்தப் பொண்ணைப் பிடிக்காது. நாப்பத்தெட்டுப் பிள்ளைங்க இருக்கிற கிளாஸ்ல ஒண்ணு மட்டும் ‘ஏன் டீச்சர்’னு கேட்டுக்கிட்டே இருந்தா, அன்னிக்குப் பாடம் அன்னிக்கு முடியாது. கேள்வி கேக்குற பிள்ளையைப் பாராட்டணும்னு பயிற்சி வகுப்புல சொல்லுவாங்க. சொல்றவங்க யாரும் ஆறாவது பீரியட் எடுக்கறதில்லை.

ஒரு நாள் அரையும் காலும் கூட்டச் சொன்னேன். பவித்ரா ஆறுல ரெண்டுன்னு எழுதி வச்சிருந்தா. மேல உள்ளதை மேலேயும், கீழ உள்ளதைக் கீழேயும் கூட்டியிருக்கா. எல்லாக் கிளாஸ்லயும் பத்துப் பிள்ளை இப்படிப் பண்ணும், நீங்களும் பாப்பீங்க.

“ஏம்மா, கடைக்குப் போயி தக்காளி அரைக்கிலோவும் கால்கிலோவும் வாங்கினா எவ்வளவு?”

“முக்கால் கிலோ டீச்சர்.”

“அப்புறம் நோட்டுல என்ன எழுதி வச்சிருக்க?”

“அது தக்காளி. இது மார்க்கு மாதிரி இருக்கே டீச்சர். போன வாரம் முதல் டெஸ்ட்ல ரெண்டுக்கு ஒண்ணு எடுத்தேன். அடுத்த டெஸ்ட்ல நாலுக்கு ஒண்ணு. நீங்க மொத்தமா ஆறுக்கு ரெண்டுன்னு போட்டீங்களே.”

கிளாஸே சிரிச்சுது. எனக்கு முகம் சுருங்கிப் போச்சு. நான் அப்படித்தான் போட்டிருந்தேன். மார்க் ரிஜிஸ்டர்ல வருஷம் பூரா அப்படித்தான் போடறேன், நீங்களும் அப்படித்தான் போடறீங்க. தக்காளியில ரெண்டு தடவையும் கிலோ ஒண்ணுதான், மார்க்குல முழுசு ஒவ்வொரு தடவையும் மாறுதுன்னு அவளுக்குச் சொல்லியிருக்கணும். அந்த நேரத்துல எனக்கு அது வாயில வரலை. “வாயாடாம உக்காரு”ன்னேன். உக்காந்தா.

அரையாண்டு வந்துச்சு. எங்க ஸ்கூலுக்கும் பக்கத்துல ரெண்டு ஸ்கூலுக்கும் சேர்த்து ஒரே கணக்குக் கேள்வித்தாள், எடுக்கிற பொறுப்பு எனக்கு. மார்கழி மாசம். ஸ்ரீரங்கத்துல பகல்பத்துத் திருவிழாக் கூட்டம், பஸ்ஸெல்லாம் சுத்தி விட்டுட்டாங்க. வீட்டுல எங்க வீட்டுக்காரருக்குக் கண் ஆபரேஷன் ஆகி நாலு நாள். தலைக்கு மேல வேலை. பஸ்ஸுல இடம் கிடைச்ச கால் மணி நேரத்துல போன்லயே அந்தக் கேள்வியை எழுதினேன்.

‘ஒரு தொட்டி நிறையத் தண்ணீர் இருந்தது. அதில் காலையில் 1/2 பங்கும், மதியம் 1/3 பங்கும், மாலையில் 1/4 பங்கும் செலவானது. மொத்தம் செலவான தண்ணீர் எத்தனை பங்கு?’

எழுதினப்போ எனக்கு நல்ல திருப்தி. ரெண்டு, மூணு, நாலு. பொதுப் பகுதி பன்னெண்டு. ஆறு, நாலு, மூணு, கூட்டினா பதிமூணு. பன்னெண்டுல பதிமூணு. கலப்புப் பின்னமா மாத்தத் தெரியுதான்னும் பாத்துடலாம். ஒரே கேள்வியில ரெண்டு வேலை முடிஞ்சுதுன்னு சந்தோஷப்பட்டேன்.

சிரிக்காதீங்க. ரெண்டு பேருக்கு இப்பவே புரிஞ்சிடுச்சு, முகத்துல தெரியுது. எனக்குப் புரியலை. அந்தக் கேள்வித்தாளைச் சரிபார்த்த இன்னொரு டீச்சருக்கும் புரியலை. மூணு ஸ்கூல்ல திருத்தினவங்க யாருக்கும் புரியலை. நம்ம தொழில்ல இருக்கிறவங்களுக்குத்தான் இப்படி ஒரு தப்பு வரும். பகுதியைப் பாப்போம், மடங்கைப் பாப்போம், தொட்டியைப் பாக்க மாட்டோம்.

பரீட்சை அன்னிக்கு ஹால்ல நான்தான் மேற்பார்வை. கூட்டத்துல நசுங்கி, முக்கால் மணி லேட்டா வந்து சேர்ந்திருந்தேன். காபி கூடக் குடிக்கலை. பாதி நேரம் போன பிறகு பவித்ரா எந்திரிச்சு நின்னா.

“டீச்சர், நடுவுல மோட்டார் போட்டாங்களா?”

“என்னது?”

“பதினெட்டாவது கேள்வியில டீச்சர். அந்தத் தொட்டிக்கு நடுவுல மோட்டார் போட்டாங்களான்னு…”

பின் பெஞ்சுல எவளோ களுக்குன்னு சிரிச்சா. எனக்குச் சுருக்குன்னு கோபம் வந்துடுச்சு. வேணும்னே பண்றான்னு நெனச்சேன். “கேள்வியில என்ன இருக்கோ அதுக்கு மட்டும் விடை எழுது. மோட்டார் போட்டாங்களா, பில் கட்டினாங்களான்னு ஆராய்ச்சி பண்ணாதே. உக்காரு”ன்னேன்.

இதுக்காகத்தான் இவ்வளவு தூரம் வந்தேன். அந்த இடத்துல நான் ஒரே ஒரு தடவை, “ஏம்மா கேக்குற?”ன்னு திருப்பிக் கேட்டிருந்தா, அரை நிமிஷம் ஆயிருக்கும். அரை நிமிஷம் எங்கிட்ட இருந்துச்சு, பொறுமைதான் இல்லை. அசதியா இருக்கிறப்ப நம்மளைக் கேள்வி கேக்கிற பிள்ளை எல்லாம் திமிர் பிடிச்ச பிள்ளையாத்தான் தெரியும். அந்த மாதிரி நாள்ல உங்க காதை நீங்களே நம்பாதீங்க.

திருத்தறப்போ அவ பேப்பர் வந்துச்சு. பதினெட்டாவது கேள்விக்குக் கூட்டலே போடலை. ரெண்டு வரி எழுதியிருந்தா. ‘மதியத்துக்குப் பிறகு தொட்டியில் கொஞ்சம்தான் மீதி இருக்கும். மோட்டார் போடாமல் மாலையில் இவ்வளவு தண்ணீர் எடுக்க முடியாது.’ பக்கத்துல ஒரு டிரம் படம், அதுல கோடு கோடாப் போட்டு, அழிச்சு, மறுபடி போட்டு. பரீட்சை நேரத்துல பெரிய பங்கை அந்த டிரம்லயே செலவு பண்ணியிருந்தா. கடைசி ரெண்டு பக்கம் காலி.

சைபர் போட்டேன். போட்டதோட விடலை. சிவப்பு மையில, ‘கதை வேண்டாம், கணக்கு வேண்டும்’னு எழுதினேன். மொத்தம் முப்பத்திரெண்டு மார்க்.

முப்பத்தஞ்சுக்குக் கீழ எடுத்தவங்களை மெல்லக் கற்போர் பட்டியல்ல சேர்த்து, ஸ்கூல் விட்ட பிறகு ஒரு மணி நேரம் உக்கார வைக்கணும். அப்ப அதுதான் நடைமுறை. பட்டியல் போட்டு, பெத்தவங்களுக்குச் சொல்லியனுப்பினோம்.

பொங்கல் லீவுக்கு முந்தின வெள்ளிக்கிழமை பவித்ரா அப்பா வந்தாரு. பட்டறையிலேருந்து நேரா வந்திருக்காரு, சட்டையில இரும்புத்தூள். எங்க ஸ்கூல் ஹெச்.எம். அம்மா ரூம்ல, உக்காருங்கன்னு சொல்லியும் உக்காரலை. பொண்ணு பக்கத்துல நின்னுக்கிட்டிருந்துச்சு.

“மேடம், டி.சி. குடுத்துடுங்க”ன்னாரு, எடுத்த எடுப்புலயே.

ஹெச்.எம். அம்மா பதறாத மனுஷி. “ஏங்க, என்ன ஆச்சு? வருஷத்துக்கு நடுவுல எதுக்கு?”

“சாயங்காலம் ஒரு மணி நேரம் இவளை நிறுத்திட்டா சின்னவனை யாரு கூட்டிட்டு வர்றது? வீட்டுல அவங்க கடைவிட்டு வர எட்டு, எட்டரை ஆயிடும். காட்டூர்ல வாடகை குடுத்துக்கிட்டு இருக்கிறதே இவ படிப்புக்காகத்தான். படிப்பு வரலைன்னு ஆயிடுச்சு. பிள்ளைங்களைத் துறையூர்ப் பக்கம் எங்க ஊர்ல விட்டுட்டு நான் மட்டும் இங்க இருந்துக்குவேன். ஏழு வரைக்கும் படிச்சுட்டா, போதும். அங்க வேலைக்கு ஆள் தேவைதான்.”

கோபமா ஒண்ணும் சொல்லலை. ரொம்ப நாளா யோசிச்சு முடிவு பண்ணினவர் மாதிரி சொன்னாரு. பொண்ணு தரையையே பாத்துக்கிட்டு நின்னா.

ஹெச்.எம். அம்மா என்னைப் பாத்து, “பேப்பரைக் கொண்டாங்க டீச்சர், பாப்போம்”ன்னாங்க. கொண்டாந்து குடுத்தேன். புரட்டிப் பாத்துட்டு, பதினெட்டாவது கேள்வியில நின்னாங்க. “இது என்னம்மா எழுதியிருக்க?”

பவித்ரா அப்பாவைப் பாத்துத் திரும்பினா.

“அப்பா, நம்ம டிரம்மு ரொம்பி இருக்கு. காலையில பாதி எடுத்துட்டோம். மத்தியானம் முழு டிரம்முல மூணுல ஒரு பங்கு எடுத்துட்டோம். மீதி எவ்வளவுப்பா இருக்கும்?”

அவரு தகடு வெட்டுற ஆளு. அளவு அவருக்குக் கையில இருக்கு. விரல்ல ஏதோ பண்ணிப் பாத்துட்டு, “ஆறுல ஒண்ணு”ன்னாரு.

“சாயங்காலம் நாலுல ஒண்ணு எப்படிப்பா எடுக்கிறது?”

அந்த நிமிஷம்தான் எனக்குத் தெரிஞ்சுது. ஊர்ல இல்லாத தண்ணியை மூணு ஸ்கூல் பிள்ளைங்களை மொண்டு ஊத்த வச்சிருக்கேன். ஊத்தினவங்களுக்கெல்லாம் அஞ்சு மார்க், தண்ணி இல்லைன்னு சொன்னவளுக்குச் சைபர்.

அவரு என்னைப் பாத்தாரு. அவருக்கும் புரிஞ்சிடுச்சு, பார்வையிலேயே தெரிஞ்சுது. நான் பேசுவேன்னு காத்துக்கிட்டிருந்தாரு. நான் பேசலை. அவரே எனக்கு வழி விட்டாரு. பொண்ணுகிட்டத் திரும்பி, “டீச்சர் ஏதாச்சும் காரணமாத்தான் கேட்டிருப்பாங்க. உன்னைக் கூட்டத்தானே சொன்னாங்க? கேட்டதுக்கு விடை எழுதாம வியாக்கியானம் எழுதுவியா? மன்னிப்பு கேளு”ன்னாரு.

“மன்னிச்சிடுங்க டீச்சர்.”

சரியா எழுதினதுக்கு அந்தப் பொண்ணு எங்கிட்ட மன்னிப்பு கேட்டுச்சு. நானும் வாங்கிக்கிட்டேன்.

ஒண்ணு மட்டும் பண்ணினேன். பேப்பரைக் கையில வாங்கி, பக்கத்தைப் புரட்டிப் புரட்டிக் கூட்டுற மாதிரி நடிச்சுட்டு, “ஐயையோ, மொத்தம் போடறப்ப அஞ்சு மார்க் விட்டுப்போச்சு மேடம்”ன்னேன். முப்பத்திரெண்டை அடிச்சு முப்பத்தேழுன்னு எழுதிக் கையெழுத்துப் போட்டேன். “பட்டியல்ல பேரு வராதுங்க, சாயங்காலம் நிக்க வேண்டாம்”ன்னு அவருகிட்டச் சொன்னேன். நம்ம தொழில்ல மொத்தம் தப்பாப் போடறது மன்னிக்கிற தப்பு. எல்லாருக்கும் வர்றதுதான். கேள்வியே தப்புன்னா, மூணு ஸ்டாஃப் ரூம்லயும் நம்ம பேரு நாறும். அந்த நேரத்துல எந்தத் தப்பு சின்னதுன்னு நல்லாவே கணக்குப் போட்டேன்.

அவரு கும்பிடு போட்டாரு. “ரொம்ப நன்றிங்க டீச்சர். இனிமே ஒழுங்கா எழுதுவா”ன்னு பொண்ணைக் கூட்டிக்கிட்டுப் போயிட்டாரு. டி.சி. பேச்சு அதோட நின்னுச்சு.

அவங்க போனதும் ஹெச்.எம். அம்மா கதவைச் சாத்தினாங்க. எனக்கு ரெண்டு வருஷம்தான் மூத்தவங்க. சத்தம் போடலை.

“பூசணிக்காயைச் சோத்துல மறைச்சுட்டீங்க.”

“பொண்ணு படிப்பு நின்னுடக் கூடாதுல்ல மேடம். அதுக்காகத்தான்…”

“நிக்கலை, சரி. உங்க தப்பை மறைச்சீங்க, அது கூடப் பரவாயில்லை. அந்தப் பொண்ணு கரெக்டா எழுதினதையும் சேத்து மறைச்சுட்டீங்களே டீச்சர். அவ அப்பா இப்ப என்ன நெனச்சுக்கிட்டுப் போறாரு? லீவு முடிஞ்சு வந்ததும் கிளாஸ்ல போர்டுல போட்டுச் சொல்லிடுங்க. அஞ்சு நிமிஷ வேலை.”

“சரிங்க மேடம்”ன்னேன்.

பொங்கல் முடிஞ்சு வந்தேன். முதல் நாள் பாதிப் பிள்ளைங்க வரலை, எல்லாரும் வரட்டும்னு விட்டேன். அடுத்த வாரம் விளையாட்டு விழா. அப்புறம் ஏதோ பயிற்சி. அப்புறம், இனிமே போயி பழசைக் கிளறுவானேன்னு ஆறப்போட்டேன். அஞ்சு நிமிஷ வேலைக்கு எனக்கு மூணு மாசத்துல அஞ்சு நிமிஷம் கிடைக்கலை. இதை உங்ககிட்டச் சொல்ல எனக்கு வெக்கமாத்தான் இருக்கு. தப்பை அன்னிக்கே சொன்னா அது கேள்வியில உள்ள தப்பு. தள்ளிப்போட்டா நம்மளோட தப்பா ஆயிடும்.

அந்த மூணு மாசத்துல பவித்ரா மாறிப்போனா. கேள்வி கேக்கிறதில்லை. பகுதியைச் சமமாக்குன்னா ஆக்குவா, கூட்டுன்னா கூட்டுவா. மார்க் நாப்பது, நாப்பத்தஞ்சு, அறுபதுன்னு ஏறிச்சு. ஸ்டாஃப் ரூம்ல, “உங்க வாயாடி திருந்திட்டா போல”ன்னு ஒருத்தங்க சொன்னாங்க. சந்தோஷப்பட வேண்டிய விஷயம்தான், என்னால முடியலை.

முழுப் பரீட்சைக்கு மறுபடி நான்தான் கேள்வித்தாள். இந்தத் தடவை எங்க ஸ்கூலுக்கு மட்டும். வேணும்னே ஒரு கேள்வி வச்சேன். நேர்ல போயி சொல்லத் தைரியம் இல்லாம, கேள்வித்தாள்ல கூப்பிட்டுப் பாத்தேன்னு வச்சுக்குங்களேன்.

‘சத்திரம் பஸ் ஸ்டாண்டிலிருந்து ஒரு பஸ் நிறைய ஆட்களோடு கிளம்பியது. அவர்களில் பால்பண்ணையில் 2/5 பங்கு பேரும், காட்டூரில் 1/2 பங்கு பேரும், திருவெறும்பூரில் 1/4 பங்கு பேரும் இறங்கினர். வழியில் யாரும் ஏறவில்லை. மொத்தம் இறங்கியவர்கள் எத்தனை பங்கு?’

வழியில் யாரும் ஏறவில்லைன்னு ஒரு வரியைச் சேர்த்தது அவளுக்காகத்தான். அவ தினமும் வர்ற பஸ்தான். எந்திரிச்சு நிப்பான்னு ஹால்ல அந்த மூணு மணி நேரமும் அவளையே பாத்துக்கிட்டிருந்தேன். கேட்டா என்ன சொல்லணும்னு கூட யோசிச்சு வச்சிருந்தேன். அவ தலையே தூக்கலை.

திருத்தறப்போ முதல்ல அவ பேப்பரைத்தான் தேடி எடுத்தேன். அழகா எழுதியிருந்தா. எட்டு, பத்து, அஞ்சு. இருபதுல இருபத்திமூணு. கலப்புப் பின்னமா மாத்தி, விடைக்கு அடியில ஸ்கேல் வச்சு ரெண்டு கோடு போட்டிருந்தா. நான் முப்பது வருஷமாப் பிள்ளைங்ககிட்டக் கேட்டதெல்லாம் அந்தப் பக்கத்துல இருந்துச்சு. பேனாவை மூடி வச்சுட்டேன்.

கடைசி நாள் அன்னிக்கு, ஸ்கூல் விட்டுக் கிளம்பறவளை ஸ்கூல் கேட் பக்கத்துல நிறுத்தினேன்.

“பவித்ரா, அந்தப் பஸ் கணக்கு. பஸ்ஸுல இருந்தவங்களை விட அதிகமான ஆளு எப்படிம்மா இறங்குவாங்க?”

“இறங்க முடியாது டீச்சர்.”

“அப்பவே தெரியுமா?”

“தெரியும் டீச்சர்.”

“தெரிஞ்சா ஏன் எழுதலை?”

அவ என்னை நிமிந்து பாத்தா. கோபம், வருத்தம் ஒண்ணும் இல்லை அந்த முகத்துல. புரியாத சின்னப் பிள்ளைக்குச் சொல்ற மாதிரி எனக்குச் சொன்னா.

“எழுதினா மார்க் போயிடும்ல டீச்சர். நாங்க இங்கேயே இருக்கணும்.”

நான் அப்பத்தான் சொன்னேன். அந்த கேட் பக்கத்துல, சைக்கிளும் ஆட்டோவும் போற சத்தத்துக்கு நடுவுல. “அரையாண்டுல நீ எழுதினதுதான்மா சரி. என் கேள்விதான் தப்பு. மொத்தம் போடறதுல விட்டுப்போச்சுன்னு நான் சொன்னது பொய். உங்க அப்பாகிட்டயும் சொல்லு, நானும் வந்து சொல்றேன்.”

அவ கேட்டுக்கிட்டா. நான் என்ன பதில் எதிர்பாக்கிறேன்னு கொஞ்சம் யோசிச்ச மாதிரி இருந்துச்சு. அப்புறம், “சரிங்க டீச்சர்”ன்னுட்டு, தம்பியைக் கூப்பிட நேரமாச்சுன்னு ஓடிட்டா.